நியூ ஜேர்சியில் ஒரு மொன்றியல் ஃபிரிட்ஜ்

ஞானாம்பிகை அமெரிக்காவில் காலடி வைத்ததே இல்லை. மொன்றியலில் இருந்து காரில் ஒரு மணி நேரம் ஓடினால் எல்லை வந்துவிடும். கனடியக் கடவுச்சீட்டும் கைக்கு வந்து எவ்வளவோ காலமாகிவிட்டது. இருந்தும் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்க அவருக்கு ஒரு காரணம் கிடைக்கவில்லை. அப்படிப்பட்ட மனுஷிதான் ஆறு வருடமாக, அமெரிக்காவில் குடியிருக்கும் ஒரு யாழ்ப்பாணத்துக் குடும்பத்தின் அன்றாடக் கூத்துகளை நாவல் நாவலாக எழுதித் தள்ளினார். வாசித்தவர்கள் வயிறு நோகச் சிரித்தார்கள். எழுதுவது யார் என்றுதான் ஒருவருக்கும் தெரியாது.

கார்ட்டியர்வில்லில் ஒரு கார்டெரியில், அதாவது வேலைக்குப் போகிற தாய் தகப்பன்மார் சின்னப் பிள்ளைகளை விட்டுப் போகும் காப்பகத்தில், ஞானாம்பிகை சமையல்காரி. அங்கே பிரெஞ்சில் மழலை பேசும் குஞ்சுகளுக்கு அவர் 'நானா'. கரட் சீவும்போதும் பருப்பு சூப் கிண்டும்போதும் மனதுக்குள் கதை ஓடும். வேலை முடிந்து வரும் வழியில் பஸ்ஸில் அதைக் கைத்தொலைபேசியில் தட்டி முடித்துவிடுவார். பக்கத்து இருக்கைக்காரர்கள், யாரோடோ பெரிய சண்டை பிடிக்கிறார் என்று நினைத்துக்கொள்வார்கள். கணவருக்கு விஷயம் தெரியும். ஆனால் அந்த மனிதர் ஹொக்கி முடிவுகளைத் தவிர வேறொன்றும் வாசிப்பதில்லை, அதனால் அவரால் ஆபத்தில்லை.

ஆபத்து முழுக்க அண்ணனிடத்தில் இருந்தது.

அண்ணன் சண்முகலிங்கத்துக்கு ஆற்றுக்கு அந்தப் பக்கம், புரோசார்ட்டில் வீடு. விமான உதிரிப்பாகம் செய்யும் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். தங்கமான மனிதர்தான், ஆனால் அவர் நிற்கும் இடத்தில் கதைக்குப் பஞ்சம் வராது. பெரிய கடைகளில் ருசி பார்க்கச் சும்மா கொடுக்கும் சீஸ் துண்டைத் தொப்பியோடு வரிசையில் நின்று ஒரு தரம் வாங்குவார். தொப்பியைக் கழற்றிப் பொக்கற்றில் செருகிக்கொண்டு இன்னொரு தரம் வாங்குவார். மரங்களில் இலை பழுக்கத் தொடங்குமுன்பே காருக்குப் பனிக்காலச் சில்லுப் பூட்டிவிடுவார். சாம்ப்ளெயின் பாலத்தில் ஏறும்போது ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் பிள்ளையாருக்குக் குட்டுவார். பக்கத்தில் இருப்பவர்கள் அந்த நேரம் கண்ணை மூடிக்கொள்வது பக்தியால் என்று அவர் நம்பியிருந்தார்.

ஞானாம்பிகை முதன்முதலில் எழுதியது அந்தத் தொப்பிக் கதையைத்தான். அதை அம்புறோஸிடம் கொடுத்தார். தமிழ்க் கடைகளின் வாசலில் கட்டாகக் கிடக்கும் இலவச வாரப் பத்திரிகைக்கு ஆசிரியர், அச்சுக்காரர், பொதி தூக்குபவர் எல்லாம் அம்புறோஸ் ஒருவர்தான். அவர் வாசித்தார், சிரித்தார், பிறகு முகம் மாறினார்.

"அக்கா, இது உங்கட சண்முகண்ணையெல்லோ? இதைப் போட்டா நான் இனிப் புரோசார்ட் பக்கம் பேப்பரோட போகேலாது."

"அப்ப என்ன செய்யிறது?"

அம்புறோஸ் கொஞ்சம் யோசித்தார். "ஆளை நாடு கடத்துவம்" என்றார்.

அப்படித்தான் சண்முகலிங்கம் வைத்திலிங்கத்தார் என்ற பெயரோடு, குடும்ப சகிதம் நியூ ஜேர்சியில் போய் இறங்கினார். எழுதியவருக்கு 'நியூ ஜேர்சி நாச்சியார்' என்று ஒரு புனைபெயரை அம்புறோஸே சூட்டினார். ஞானாம்பிகையின் அமெரிக்கா, தொலைக்காட்சித் தொடர்களையும் மாமி மச்சாள்மாரின் தொலைபேசிக் கதைகளையும் குழைத்துக் கட்டியது. தனக்குத் தெரிந்த தெருக்களுக்கு அமெரிக்கப் பெயர் வைத்தார், டொலரின் படத்தை மாற்றினார், பிரெஞ்சு பேசும் அயலவர்களை ஆங்கிலம் பேச வைத்தார். மிச்சமெல்லாம் மொன்றியல்தான்.

இதில் பெரிய பகிடி என்னவென்றால், வைத்திலிங்கத்தாருக்கு உலகத்திலேயே பெரிய ரசிகர் சண்முகலிங்கம்தான். ஞாயிறு காலையில் தங்கச்சிக்குத் தொலைபேசி எடுப்பது அவர் வழக்கம். முன்பெல்லாம் சுகம் விசாரிப்பார். இப்போது எடுத்ததும் சிரிப்புத்தான் வரும்.

"ஞானம், இந்தக் கிழமை வாசிச்சனியே? அந்த மொக்கன் தொப்பியைக் கழட்டிப்போட்டுத் திரும்ப வரிசையில நிக்கிறானடி! இப்பிடி ஒருத்தன் இங்கயும் நிக்கிறவன். நான் கடையில கண்டிருக்கிறன்."

"ஓம் அண்ணை" என்பார் ஞானாம்பிகை, வாயில் சேலைத் தலைப்பை அடைத்துக்கொண்டு.

இப்படியே இரண்டு நாவல்கள் முடிந்து புத்தகமாகவும் வந்தன. மூன்றாவது நடக்கும்போதுதான் ஞானாம்பிகைக்கு ஆசை வந்தது. ஒருநாள் தமிழ்க் கடையில் வெங்காயம் பொறுக்கிக்கொண்டிருக்க, இரண்டு பெண்கள் நாச்சியாரைப் பற்றி வாதாடினார்கள். எழுதுவது அமெரிக்கப் பேராசிரியர் ஒருவர் என்றாள் ஒருத்தி. ஆம்பிளைதான், பொம்பிளைகளுக்கு இவ்வளவு பகிடி வராது என்றாள் மற்றவள். ஞானாம்பிகை கையில் வெங்காயத்தோடு அப்படியே நின்றார். தான் பெற்ற பிள்ளையை வேறு யாரோ வந்து தூக்கிக்கொண்டு போவதுபோல் அவருக்கு இருந்தது.

அந்த வாரமே அம்புறோஸிடம் சொன்னார். "மூண்டாவது புத்தகத்தில என்ர பேரைப் போடுங்கோ."

"அண்ணைக்கு என்ன சொல்லுவியள்?"

"நானே சொல்லுறன்."

சொல்வதற்குத்தான் வாய் வரவில்லை. அவருக்குக் கூடப்பிறந்தவர் என்று மிஞ்சியிருப்பது அந்த ஒரே அண்ணன். தங்கச்சியைக் கனடாவுக்கு எடுப்பித்து, தன் வீட்டில் வைத்திருந்து, தகப்பன் ஸ்தானத்தில் நின்று கட்டிக்கொடுத்தவர். அப்படிப்பட்ட அண்ணனை ஊருக்கு முன்னால் கோமாளியாக்கிய கை இதுதான் என்று எப்படிச் சொல்வது? ஒவ்வொரு ஞாயிறும் சொல்லிவிடத்தான் நினைப்பார். அண்ணன் அந்தப் பக்கம் வைத்திலிங்கத்தாரை நினைத்து விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருப்பார். அடுத்த கிழமை பார்ப்போம் என்று விட்டுவிடுவார்.

இதற்கிடையில் ஒரு வாரம் கதை வரவில்லை. கார்டெரியில் பிள்ளைகளுக்கெல்லாம் சளிக் காய்ச்சல், உதவிக்கு ஆளில்லை, மண்டை வெறுமையாகக் கிடந்தது. அம்புறோஸ் வாசலில் வந்து நிற்காத குறை. எழுதவே மாட்டேன் என்று ஒதுக்கி வைத்திருந்த ஃபிரிட்ஜ் கதையை அன்றைக்கு ஞானாம்பிகை எடுத்து எழுதிவிட்டார்.

அது கௌசலா மச்சாள், அதாவது அண்ணன் பெண்சாதி, ஞானாம்பிகை இங்கே வந்து இறங்கிய முதல் கிழமையே சொல்லிச் சிரித்த கதை. ஜூலை முதலாம் திகதி. மொன்றியலில் வாடகைக் கெடு முடிந்து ஊரே வீடு மாறுகிற நாள், தெரு முழுக்க மெத்தையும் மேசையும். அண்ணன் குடும்பம் இரண்டாம் மாடி வீடு ஒன்றுக்குப் போகிறது. வாசலுக்கு வெளியே வளைந்து ஏறும் இரும்புப் படி. புது வீட்டுக்குள் முதலில் சாமிப்படமும் உப்பும் மஞ்சளும் போக வேண்டும் அல்லவா? மச்சாள் மூன்றையும் ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிட்டார், எல்லாம் ஒரேயடியாக ஏறட்டும் என்று. சாமான் ஏற்றும் ஜெராட், பனை மரம் போன்ற ஆள், ஃபிரிட்ஜை வாரால் முதுகில் கட்டிக்கொண்டு பாதிப் படி ஏறிவிட்டான். அந்த நேரம் பார்த்து அண்ணன் கையை உயர்த்தினார். "நிப்பாட்டு! ராகுகாலம் துடங்கிட்டுது."

ஒன்றரை மணி நேரம் ஃபிரிட்ஜ் நடுப்படியில் நின்றது. ஜெராட் அதற்கு முண்டு கொடுத்துக்கொண்டு உட்கார்ந்து சிகரெட் பிடித்தான். மேலே பழைய குடித்தனக்காரர் கட்டிலோடு இறங்க வழியில்லாமல் கத்தினார். கீழே தெருவே கூடி நின்று பார்த்தது. அண்ணன் மட்டும் மணிக்கூட்டைப் பார்த்தபடி அசையாமல் நின்றார்.

ஞானாம்பிகை இதை அப்படியே நியூ ஜேர்சிக்குத் தூக்கினார். ராகுகாலத்தில் ஏற்றினால் ஃபிரிட்ஜ் பழுதாகிவிடும் என்று வைத்திலிங்கத்தார் பயந்ததாக ஒரு வரியும் சேர்த்தார். எழுதியவற்றில் அதுதான் மிகச் சிறந்த அத்தியாயம் என்றார் அம்புறோஸ். அவரும் மொன்றியலில் பழுத்த ஆள். ஜூலை ஒன்றாம் திகதி ஊரே ஒன்றாக வீடு மாறுவது அமெரிக்காவில் நடக்காது என்பது இரண்டு பேருக்கும் உறைக்கவேயில்லை.

வெள்ளிக்கிழமை பத்திரிகை வந்தது. ஞாயிறு காலை தொலைபேசி அடிக்கவில்லை.

பத்து மணியானது, பதினொன்றானது. ஞானாம்பிகை தொலைபேசியை நெஞ்சோடு வைத்துக்கொண்டு வீட்டுக்குள் நடந்தார். வேறு யாருக்காவது எடுத்து அண்ணன் சுகமா என்று கேட்கவும் துணிவு வரவில்லை. கடைசியில் முதல்நாள் பொரித்த சுசியத்தை ஒரு பழைய மாஜரின் டப்பாவில் போட்டுக்கொண்டு புறப்பட்டார். பஸ், மெற்றோ, பிறகு ஆற்றைக் கடக்கும் புது மின்ரயில். பாலத்தில் ஏறியபோது அவரும் பிள்ளையாருக்குக் குட்டிக்கொண்டார்.

கௌசலா மச்சாள்தான் கதவைத் திறந்தார். "உன்ர அண்ணர் கீழ பேஸ்மென்ரில. காலம நேரத்தில இருந்து ஒருத்தரோடயும் கதைக்கேல்லை. என்னடி செய்தனீ அந்த மனிசனுக்கு?"

கீழே சண்முகலிங்கம் பத்திரிகையை மடியில் விரித்து வைத்திருந்தார். நிமிர்ந்து பார்க்கவில்லை.

"நியூ ஜேர்சியில எங்கட சித்தப்பாவின்ர மோன் இருக்கிறான். நான் போய் நிண்டனான். அங்க ஜூலை ஒண்டில ஒருத்தரும் வீடு மாறுறேல்லை. வெளியில இரும்புப் படியும் இல்லை. இது ஆரின்ர ஃபிரிட்ஜ்?"

ஞானாம்பிகை டப்பாவை இறுகப் பிடித்துக்கொண்டார். "எங்கட ஃபிரிட்ஜ்தான் அண்ணை."

"அப்ப வைத்திலிங்கத்தார்?"

"நீங்கள்தான்."

"அந்தத் தொப்பி?"

"அதுவும்தான்."

"ஆறு வருசமா என்னைப் பாத்து நானே சிரிச்சிருக்கிறன்" என்றார் சண்முகலிங்கம், பத்திரிகையிடம் சொல்வதுபோல.

ஞானாம்பிகை அழுதுவிட்டார். "சொன்னா என்னோட கதைக்காமல் விட்டிடுவியள் எண்டு பயமாக் கிடந்தது அண்ணை. உங்களை விட்டா எனக்கு ஆர் இருக்கினம்? புத்தகம் வேண்டாம். அம்புறோஸிட்டச் சொல்லி இண்டைக்கே நிப்பாட்டுறன்."

"அதுக்கில்லை எனக்குக் கோவம். நீ பிழையா எழுதியிருக்கிறாய்." அவர் அந்த வரியை விரலால் தட்டினார். "ஃபிரிட்ஜ் பழுதாப் போயிடும் எண்டு பயந்தாராம். ஒரு பழைய ஃபிரிட்ஜுக்கு ஆராவது பயப்பிடுவினமோ?"

"அப்ப ஏன் நிப்பாட்டினனீங்கள்?"

சண்முகலிங்கம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"அண்டைக்கு நீ பாங்கொக்கில நிண்டனீ. அந்தச் சனிக்கிழமைதான் உன்னைப் பிளேனில ஏத்திறது எண்டு ஆக்களை ரகசியமா அனுப்புற ஏஜென்சிக்காரன் சொன்னவன். ஆருக்கும் மூச்சு விடக்கூடாது எண்டவன். மச்சாளுக்கும் நான் சொல்லேல்லை. அந்த வீடு எடுத்ததே உனக்கொரு அறை வேணும் எண்டுதான். அந்த வீட்டுக்குள்ள சாமிப்படத்தைக் கூடாத நேரத்தில ஏத்தி, அங்க உனக்கு ஒண்டு நடந்திருந்தா? தெருவே சிரிச்சுது. ஜெராட் சிரிச்சான். சிரிக்கட்டும் எண்டு நிண்டனான்."

ஞானாம்பிகை அண்ணனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். அன்றைக்குப் பாங்கொக் விமான நிலையத்தில் வரிசையில் நின்றதும், அதிகாரி கடவுச்சீட்டைப் புரட்டிப் புரட்டிப் பார்த்துவிட்டுப் போகச் சொன்னதும் நினைவுக்கு வந்தன. அந்த நேரம் தனக்குத் துணையாக யாருமில்லை என்றுதான் நினைத்திருந்தார். பூமிக்கு அந்தப் பக்கத்தில் ஒரு மனிதன் தனக்காக ஒரு ஃபிரிட்ஜை நடுவழியில் நிறுத்தி வைத்து, ஊர்ச் சிரிப்பை வாங்கிக்கொண்டு நின்றிருக்கிறான். அந்தக் கதையைச் சொல்லிச் சொல்லி ஞானாம்பிகையும்தான் இத்தனை வருடமும் சிரித்திருக்கிறார். அண்ணனின் கையைப் பிடித்துக்கொண்டு நன்றாக அழுதார்.

"சரி, சரி, அழாத. டப்பாவில என்ன?"

"சுசியம்."

சண்முகலிங்கம் ஒன்றை எடுத்து வாயில் போட்டார், மென்றார். பிறகு, "இன்னொண்டு கேக்கிறன்" என்றார். "நாப்பது வருசமா இந்த ஊரில பனி அள்ளுறன். எனக்குக் கனடா சிற்றிசன் இருக்கு. என்னை எதுக்கடி விசாவும் இல்லாமல் அமெரிக்காவுக்கு அனுப்பினனீ?"

ஞானாம்பிகை அழுகைக்கு நடுவில் சிரித்துவிட்டார். மேலே படியில் நின்று ஒட்டுக்கேட்டுக்கொண்டிருந்த மச்சாளும் சிரித்தார். கூடவே, அந்தக் கதையில் வரும் பெண்சாதி இவ்வளவு குண்டாக இருக்கத் தேவையில்லை என்றும் ஒரு திருத்தம் சொன்னார்.

மூன்றாவது நாவல் ஒக்டோபரில் புத்தகமாக வந்தது. வைத்திலிங்கத்தார் குடும்பத்தோடு மொன்றியலுக்குத் திரும்பியிருந்தார். ஃபிரிட்ஜ் அத்தியாயம் இரண்டு பக்கம் கூடியிருந்தது. அட்டையில் ஞானாம்பிகை என்று பெரிய எழுத்தில் இருந்தது. வெளியீட்டு விழாவுக்கு நேரம் குறித்தது சண்முகலிங்கம், ராகுகாலம் தப்பித்து. கடையில் வாதாடிய இரண்டு பெண்களும் முன்வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தார்கள்.

முதற்பிரதியை வாங்க அண்ணனை மேடைக்கு அழைத்தார் அம்புறோஸ். மண்டபத்துக்குள்ளும் தொப்பியைக் கழற்றாமல் ஏறி வந்து, சபையைக் கும்பிட்டு, புத்தகத்தை வாங்கிக்கொண்டு இறங்கினார் சண்முகலிங்கம். பிறகு சிறப்புப் பிரதிகளுக்கு வரிசை வந்தது. ஞானாம்பிகை ஒவ்வொருவருக்கும் தலையைக் குனிந்து கொடுத்துக்கொண்டே வந்தார். வரிசையின் கடைசியில் நீண்ட கை பழக்கமான கையாக இருக்க, நிமிர்ந்து பார்த்தார். அண்ணன் நின்றார், வெறுந்தலையோடு. பொக்கற்றில் தொப்பி புடைத்துக்கொண்டிருந்தது.

"அண்ணை, உங்களுக்குத்தான் முதலே தந்தாச்செல்லோ?" என்றார் அம்புறோஸ், ஒலிவாங்கியிலேயே.

"அது தொப்பி போட்டு வந்த ஆள்" என்றார் சண்முகலிங்கம்.

மண்டபம் இடிந்து விழுவதுபோல் சிரித்தது. ஞானாம்பிகை இன்னொரு புத்தகத்தை எடுத்து, இரண்டு கையாலும் அண்ணனிடம் கொடுத்தார்.