மூட்டைப்பூச்சியை ஜெயித்த சுவர்

எங்கள் சித்தப்பாவுக்கு இரண்டு சம்பந்தங்கள் மூட்டைப்பூச்சியால் தட்டிப்போயின. சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். ஆம்பூரில் எங்கள் வீட்டுச் சுவரைப் பார்த்தவர்கள் மட்டும் நம்புவார்கள். மண்சுவரின் ஒவ்வொரு வெடிப்பிலும் ஒரு குடும்பம் பிள்ளைகுட்டிகளோடு குடியிருந்தது. முதலில் மாப்பிள்ளை வீடு பார்க்க வந்தவர்கள் காபி முடிவதற்குள் எழுந்துபோனார்கள். அடுத்து வந்த அம்மாள் புடவையை உதறிக்கொண்டே தெருக்கோடிவரை நடந்தாள். மூன்றாவதாக அணைக்கட்டுப் பக்கத்திலிருந்து ஒரு விவசாயக் குடும்பம் வருவதாகச் சேதி வந்தது. இதுவும் தட்டிப்போனால் கோலாருக்குப் போய்த் தங்கச் சுரங்கத்தில் இறங்கிவிடப் போவதாகச் சித்தப்பா அறிவித்தார். எனக்கு அப்போது ஏழு வயது. அவர் தோளில் ஏறாமல் நான் சந்தைக்குப் போனதே இல்லை. பார்த்திராத அந்தக் கோலாரை மனதாரத் திட்டித் தீர்த்தேன்.

சித்தப்பாவுக்குத் தோல் கம்பெனியில் சுண்ணாம்புக் குழி வேலை. ஆட்டுத்தோலை அந்தச் சுண்ணாம்புக் குழம்பில் ஊறப்போட்டால் மயிர் கழன்று வந்துவிடும். நாள் முழுக்க முழங்காலளவு குழம்பில் நின்று அவர் தோல்களைப் புரட்டுவார். கணுக்காலைச் சுற்றி வெள்ளை வெள்ளையாக உரிந்து, இடையிடையே சிவந்த புண்கள் இருக்கும். எங்கள் தெருவில் பாதி ஆண்களின் கால் அப்படித்தான் இருந்தது. வளர்ந்தால் ஆண்பிள்ளைகளுக்குக் கால் அப்படி ஆகிவிடும் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

விருந்தாளிகள் வருவதற்குப் பத்து நாள் முன்பு, கம்பெனியில் வெளியே கொட்ட வைத்திருந்த கழிவுச் சுண்ணாம்பை இரண்டு குடங்களில் சித்தப்பா சுமந்து வந்தார். அழுகிய முட்டை நாற்றம். அம்மா மூக்கைப் பொத்திக்கொண்டு வாசலிலேயே மறித்தாள்.

"இன்னா தம்பி இது, கருமம்! ஊட்டுக்குள்ள எடுத்தாற?"

"பாத்துகினே இருங்க அண்ணி. ஆட்டு மயிரையே கழட்டுது, மூட்டப்பூச்சி எம்மாத்திரம்?"

புதுச் சுண்ணாம்பும் கொஞ்சம் சேர்த்து, ஒரு வெடிப்பு விடாமல் பூசினார். மூன்று நாள் சாம்பிராணி போட்டும் நாற்றம் அரைகுறையாகத்தான் போனது. ஆனால் நான்காம் நாள் காலையில் தரையெல்லாம் பொட்டுப் பொட்டாக மூட்டைப்பூச்சிகள் செத்துக் கிடந்தன. அம்மா அவற்றை முறத்தில் அள்ளி, புது நகையைக் காட்டுவதுபோல எதிர்வீட்டுக்காரிக்குக் காட்டினாள். எறும்பும் பல்லியும்கூடக் காணாமல் போயின. சுவரோ வெண்ணெய் நிறத்தில் மினுக்கியது.

எனக்கு ஒரு கெட்ட வழக்கம் இருந்தது. சுவரைச் சுரண்டித் தின்பேன். அன்று மத்தியானமும் நகத்தால் ஒரு கீறு கீறி விரலை வாயில் வைத்தேன். எங்கிருந்து பார்த்தாரோ, என்னை ஒருநாளும் அடித்திராத சித்தப்பா ஓடிவந்து பளாரென்று அறைந்தார். தொண்டைக்குள் விரலை விட்டு வாந்தி எடுக்கவைத்தார். குடம் காலியாகும்வரை வாயையும் கையையும் திரும்பத் திரும்பக் கழுவினார். கல்யாணச் சுவரில் கீறல் போட்டதற்கு இவ்வளவு கோபமா என்று எனக்கு ஆத்திரம் பொங்கியது. இவர் கோலாருக்கே போகட்டும் என்று அழுதேன்.

விருந்தாளிகள் வந்த அன்று அந்தக் கீறலை மறைத்தபடி உட்காரும் உத்தியோகம் எனக்குக் கிடைத்தது. பெண்ணின் தாய்மாமன் பெரிய மீசைக்காரர். பாயில் உட்கார்ந்து சுவரில் சாய்ந்தார். நாங்கள் யாரும் அவர் முகத்தைப் பார்க்கவில்லை, கையைத்தான் பார்த்தோம். கை முதுகுப் பக்கம் போகவே இல்லை. காபி குடித்தார். தன் உழவு மாட்டின் பிரதாபத்தைக் கன்றுக்குட்டிப் பருவத்திலிருந்து தொடங்கி முழுதாகச் சொன்னார். அப்புறம் இன்னொரு காபியும் கேட்டார். அம்மா அடுப்பங்கரையில் நின்று முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். வெற்றிலைபாக்கு மாற்றிக்கொண்டபோது எனக்கு ஆத்திரமெல்லாம் பறந்துவிட்டது. நாங்கள் ஜெயித்துவிட்டோம்!

கிளம்பும்போது மீசைக்காரர் சுவரைத் தட்டிப் பார்த்தார்.

"இன்னா சுண்ணாம்பு மாப்ள இது? ஒரு பூச்சி கெடையாது. எங்க மாட்டுக் கொட்டாய்க்கும் ரெண்டு கொடம் குடுத்தனுப்பேன்."

"அது தீந்துபோச்சுங்க மாமா. இனிமே கெடைக்காது" என்றார் சித்தப்பா.

குழி நிறைய இருக்கும்போது அவர் இப்படிப் பொய் சொன்னது எனக்கு வெட்கமாக இருந்தது. தெருவில் கேட்ட அத்தனை பேரையும் அப்படியே திருப்பி அனுப்பினார். கஞ்சப்பயல் என்று பெயர் வாங்கினார். கல்யாணமான மறுவாரமே, நாங்கள் தடுக்கத் தடுக்க, மூக்கில் துணி கட்டிக்கொண்டு சுவர் முழுவதையும் சுரண்டி, ஊருக்கு வெளியே ஆழமாகக் குழி தோண்டிப் புதைத்தார். வெறும் சுண்ணாம்பு பூசினார். மூட்டைப்பூச்சிகளும் திரும்பி வந்தன. அந்தக் குழம்பில் மயிரைக் கழற்றுவதற்காக, ஆளைக் கொல்லும் தாளகம் என்ற பாஷாணமும் கலந்திருந்தது என்பதை நான் தெரிந்துகொள்ள இன்னும் பல வருஷங்கள் ஆயின.

ஒருநாள் சாயங்காலம் வேலை முடிந்து வந்த சித்தப்பாவைப் புதுச் சித்தி முற்றத்தில் உட்காரவைத்து, குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றி அவர் காலைத் திரும்பத் திரும்பக் கழுவினாள். அன்று அவர் என் வாயையும் கையையும் கழுவியதுபோலவே கழுவினாள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. பாவம், சித்தப்பா எந்தச் சுவரையும் கீறவில்லையே என்று நினைத்துக்கொண்டேன்.