பார்க்காத வெபினாருக்கு ஒரு சான்றிதழ்

மாத்திரை தயாரிக்கும் மெஷினைக் கழுவிச் சுத்தம் செய்வதில் நான் தேர்ச்சி பெற்றவள்.

சிரிக்காதீர்கள். சான்றிதழ் இருக்கிறது. கொட்டை எழுத்தில் என் பெயர், மூலையில் தங்க நிற முத்திரை, கீழே யாரோ ஒருவருடைய கோழிக்கிறுக்கல் கையெழுத்து. எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜ் கதவில், தண்ணி கேன் போடுகிறவரின் நம்பருக்குப் பக்கத்தில் ஒட்டியிருக்கிறது. மிக்ஸி ஜாரின் அடியில் நேற்றைய சட்னி இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்பது வேறு விஷயம்.

இந்தப் பெருமை எனக்கு எப்படி வந்தது? எல்லாம் ஃபிலோவால்.

ஃபிலோமினா, மந்தைவெளியில் எங்கள் ஃப்ளாட்டுக்கு நேர் கீழே குடியிருப்பவள். பிறந்து வளர்ந்ததெல்லாம் சாந்தோம். ஒரு மருந்து கம்பெனியில் குவாலிட்டி பிரிவில் இருந்தாள். இந்த மாத்திரை கடைக்குப் போகலாம், இது போகக்கூடாது என்று பார்த்துச் சொல்கிற வேலை. அவளுடைய அப்பா படுத்த படுக்கையானதும் வேலையை விட்டுவிட்டு அவரைப் பார்த்துக்கொண்டாள். போன வருடம் அவர் காலமாகிவிட்டார். வீடு வெறிச்சென்று ஆகிவிட்டது. மறுபடியும் வேலைக்குப் போக வேண்டும் என்று ஒரே தவிப்பு அவளுக்கு.

எழுதிப் போட்டதில் ஒரே ஒரு கம்பெனி கூப்பிட்டது. தி.நகரில் ஆபீஸ். அடுத்த வெள்ளிக்கிழமை இன்டர்வியூ.

சந்தோஷப்பட வேண்டியதுதானே? அவள் முகம் செத்துப் போயிருந்தது. அவள் வீட்டில் இருந்த வருடங்களில் அந்தத் துறையில் பல விதிகள் மாறிவிட்டனவாம். பழைய சிநேகிதிகளைக் கேட்டால் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். “அங்க போய் உக்காந்து பழைய கதைய சொன்னா, இந்தம்மா காலம் முடிஞ்சு போச்சுன்னு அனுப்பிடுவாங்கக்கா” என்றாள். லேசில் அழுகிற ஆள் இல்லை ஃபிலோ. அன்றைக்குக் கண் கலங்கியிருந்தது.

வீட்டில் உட்கார்ந்தபடி, சமையல் முடித்துவிட்டு எப்போது வேண்டுமானாலும் போட்டுப் பார்க்கிற மாதிரி வெபினார்கள் இருக்கின்றன, அதில் நல்லதாக ஒன்று கிடைத்தால் போதும் என்றாள். “அவ்வளவுதானே, விடு” என்றேன் நான். தேடிக் கண்டுபிடிப்பதில் நான் புலி என்று எனக்கொரு நினைப்பு. மைலாப்பூரில் எந்தச் சந்தில் எந்த ஜாக்கெட்டுக்கு லைனிங் துணி கிடைக்கும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். ஒரு வெபினார் கிடைக்காமலா போய்விடும்?

கிடைத்தது. கொட்டோ கொட்டென்று கொட்டியது. அதுதான் வம்பு.

எதைத் திறந்தாலும் கோட்டு சூட்டு போட்ட ஒருவர் கையைக் கட்டிக்கொண்டு புன்னகை செய்கிறார். பின்னணியில் இசை. ‘சீக்கிரம் சேருங்கள், சில இடங்களே பாக்கி’ என்று சிவப்பு எழுத்து கண்ணடிக்கிறது. ஐயா, இது ஏற்கெனவே பதிவு செய்து வைத்த வீடியோ. இதில் இடம் எப்படித் தீரும்? இதென்ன கல்யாணப் பந்தியா?

இன்னொன்று ‘நேரலை’ என்றது. ஓரத்தில் பார்வையாளர்கள் கேள்வியும் பாராட்டுமாக எழுதிக்கொண்டே இருந்தார்கள். எனக்கு என்னவோ இடித்தது. மறுநாள் அதே நேரலையைப் போட்டுப் பார்த்தேன். அதே இடத்தில் அதே மனுஷர், ‘அருமையான விளக்கம் சார்’ என்கிறார். பாவம்... வேறு வேலைவெட்டி இல்லாமல் தினமும் வந்து வியந்துவிட்டுப் போகிறார்.

மூன்றாவதில்தான் நான் தேர்ச்சி பெற்றேன். மெஷின் சுத்தம் பற்றிய வெபினார். எப்படி இருக்கிறது பார்ப்போம் என்று என் பெயரையும் ஈமெயிலையும் கொடுத்தேன். வீடியோ ஆரம்பித்ததும் வாசலில் கூரியர்காரர் பெல் அடித்தார். எழுந்து போனேன். அவரை அனுப்பிவிட்டு, பால் பொங்குகிறதா என்று பார்த்துவிட்டு, துணி எடுக்க மாடிக்கும் போய்விட்டு வந்தால், மெயில் பெட்டியில் சான்றிதழ் வந்து உட்கார்ந்திருக்கிறது. நான் ‘முழு ஈடுபாட்டுடன் பங்கேற்றுத் தேர்ச்சி பெற்றவர்’ என்று போட்டிருக்கிறது!

எங்கள் வீட்டுக்காரருக்கு இது போதாதா? காபிப்பொடி வாங்கப் போனவர் பக்கத்து ஜெராக்ஸ் கடையில் பிரிண்ட் போட்டு எடுத்து வந்து ஃப்ரிட்ஜில் ஒட்டினார். இனிமேல் இந்த வீட்டில் பாத்திரம் தேய்ப்பதைப் பற்றி யாரும் வாய் திறக்க முடியாது என்று கிண்டல் வேறு.

நான் விழுந்து விழுந்து சிரித்தேன். ஃபிலோ சிரிக்கவில்லை. ஃப்ரிட்ஜ் முன்னால் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். “இதே பேப்பரைக் காட்டி ஒருத்தர் நிஜமாவே ஃபேக்டரிக்குள்ள போயிடலாம்க்கா” என்றாள். காலையில் வெறும் வயிற்றில் நான் விழுங்கிய தைராய்டு மாத்திரை சட்டென்று ஞாபகம் வந்தது. அதைச் செய்த மெஷினைக் கழுவியவருக்கு யார் பாடம் எடுத்தார்கள்? சிரிப்பு அப்படியே அடங்கிவிட்டது.

அதற்குப் பிறகு தேடுகிற பொறுப்பை என்னிடமிருந்து அவளே வாங்கிக்கொண்டாள். எனக்குக் கொஞ்சம் ரோஷம்தான். என்ன செய்வது?

இரண்டு நாள் கழித்துக் கீழே போனேன். சாப்பாட்டு மேஜையில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தாள். திரையில் வழுக்கைத் தலையுடன் ஒரு பெரியவர். பின்னால் பீரோ. தலைக்கு மேல் ஃபேன் கடகடவென்று ஓடுகிற சத்தம் அவர் பேச்சோடு சேர்ந்து கேட்கிறது. இசையும் இல்லை, சிவப்பு எழுத்தும் இல்லை. இதையா பார்க்கிறாள் என்று நினைத்தேன்.

ஒரு மெஷினில் ஒரு மருந்தைச் செய்து முடித்துக் கழுவிய பிறகு, அதன் மிச்சம் எவ்வளவு வரை இருக்கலாம் என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தார். திடீரென்று திரையின் குறுக்கே மஞ்சள் பெட்டி ஒன்று வந்தது. ‘இந்த இடத்தில் நான் சொல்வது பழைய முறை, தவறு. சரியான முறை இது’ என்று எழுதி, கீழே அவர் பெயர், திருத்திய தேதி, அரசு வெளியிட்ட விதிமுறையில் எந்தப் பக்கத்தில் பார்க்க வேண்டும் என்ற விவரம். வேடிக்கை என்னவென்றால், மனுஷர் குரல் பாட்டுக்குத் தவறானதையே சொல்லிக்கொண்டு போகிறது.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. “தப்புன்னு அவரே சொல்றாரு. அந்தத் துண்டை வெட்டி எறிய வேண்டியதுதானே? இந்த ஆளை நம்பியா இன்டர்வியூவுக்குப் போகப் போற?”

அவள் கத்தியைக் கீழே வைத்தாள். அந்த வாரம் முழுக்க இல்லாத ஒரு தெளிவு அவள் முகத்தில்.

“வெட்டாம விட்டாரு பாருங்க... அதனாலதான்க்கா நம்புறேன்.”

பிறகுதான் விளக்கினாள். மருந்து ஃபேக்டரிக்குள் ரப்பருக்கும் ஒயிட்னருக்கும் இடம் கிடையாதாம். எழுதியது தப்பாகிவிட்டால் அதன் மேல் ஒரே ஒரு கோடுதான் போட வேண்டும். கோட்டுக்கு அடியில் பழைய எழுத்து படிக்கிற மாதிரி இருக்க வேண்டும். பக்கத்தில் சரியானதை எழுதி, கையெழுத்து, தேதி, ஏன் மாற்றினோம் என்ற காரணம். தப்புப் பண்ணியவரை அங்கே யாரும் ஒன்றும் சொல்ல மாட்டார்களாம், அழித்தவரைத்தான் விட மாட்டார்களாம். ஃபேக்டரியில் வருடக்கணக்காக இருந்தவருக்குத்தான் வீடியோவில்கூட இப்படித் திருத்தக் கை வரும் என்றாள்.

அதற்காக அவரைக் கண்ணை மூடிக்கொண்டும் நம்பவில்லை. அவர் சொன்ன பக்கத்தைத் தேடி எடுத்து வரிக்கு வரி ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறாள். சரியாகவே இருந்ததாம். அப்புறம் அவருடைய மற்ற வீடியோக்களையும் ஒன்று விடாமல் பார்த்தாள்.

நாமெல்லாம் என்ன செய்கிறோம்? வாட்ஸ்அப்பில் தப்பாக ஒன்றை அனுப்பிவிட்டால் பதறிப்போய் எல்லோருக்கும் சேர்த்து அழிக்கிறோம். அழித்த அடையாளம் மட்டும் அங்கே உட்கார்ந்துகொண்டு ஊரையே சந்தேகப்பட வைக்கிறது. அழிக்காமல் விட்டிருந்தால் யாரும் திரும்பிக்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள்.

வெள்ளிக்கிழமை துணைக்கு நானும் போனேன். சாந்தோம் கோயிலில் அவள் மெழுகுவர்த்தி ஏற்றியாயிற்று, என் பங்குக்குக் கபாலியிடமும் சொல்லி வைத்தாயிற்று. ஆட்டோவில் இரண்டு பேரும் வாயே திறக்கவில்லை. “இன்னாம்மா, கம்முனு வர்றீங்க ரெண்டு பேரும்... ஆஸ்பத்திரிக்கா போறீங்க?” என்று டிரைவர் விசாரித்தார். கிட்டத்தட்ட அப்படித்தான் இருந்தது.

அவள் மேலே போனாள். நான் எதிர்த்த ஜூஸ் கடையில் சாத்துக்குடி ஜூஸை வைத்துக்கொண்டு காத்திருந்தேன். இறங்கி வந்தவளைப் பார்த்ததுமே எனக்குப் பகீரென்றது.

வீடியோவில் அந்தப் பெரியவர் எதைத் திருத்திச் சொன்னாரோ, அதே கேள்வி வந்திருக்கிறது. இத்தனை வருஷப் பழக்கம்... இவள் வாயில் பழைய முறைதான் முதலில் வந்திருக்கிறது. பாதியில் உறைத்திருக்கிறது. நைசாகப் பேச்சை மாற்றிவிட்டுப் போயிருக்கலாம். எதிரே இருந்தவர்களும் தலையைத்தான் ஆட்டிக்கொண்டிருந்தார்களாம். இவள் என்ன செய்தாள் தெரியுமா?

“நிறுத்தி, ‘இப்ப நான் சொன்னது பழைய முறை மேடம், தப்பு. இப்ப சரியானதைச் சொல்றேன்’னு சொல்லிட்டேன்க்கா. போச்சு.”

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. தலையாட்டுகிறவர்களிடம் போய் தப்பு என்று ஏன் சொல்ல வேண்டும்? வழி நெடுகத் திட்டிக்கொண்டே வந்தேன். அவள் ரோட்டைப் பார்த்துக்கொண்டே வந்தாள். அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

இந்தத் திங்கட்கிழமை காலை. தோசை வார்த்துக்கொண்டிருக்கிறேன். செருப்புகூடப் போடாமல் மாடியேறி வந்து வாசலில் நின்றாள். மூச்சு வாங்கியது. “கிடைச்சிடுச்சுக்கா” என்றாள் கடைசியில்.

தோசைக் கரண்டியோடு அவளைக் கட்டிக்கொண்டு அழுதேன். அப்பாடா... என்ன ஒரு நிம்மதி! வேலை எனக்கே கிடைத்திருந்தால்கூட இப்படி அழுதிருக்க மாட்டேன். போனில் பேசிய அந்த மேடம் சொன்னாராம்: “நீங்க திருத்தினீங்க பாருங்க, அப்பவே முடிவு பண்ணிட்டோம். அதுக்கப்புறம் கேட்டதெல்லாம் சும்மா.”

வழி நெடுகத் திட்டியவள் வேறு என்ன செய்வேன்? சூடாக இன்னொரு தோசை போட்டேன். அவள் தண்ணீர் எடுக்க ஃப்ரிட்ஜ் பக்கம் போனாள், நின்றாள், மேஜையில் கிடந்த பேனாவை எடுத்தாள்.

அவள் போன பிறகுதான் பார்த்தேன். என் சான்றிதழில் ‘தேர்ச்சி பெற்றவர்’ என்ற சொல்லின் மேல் நேராக ஒரே ஒரு கோடு. அடியில் இருப்பதைத் தாராளமாகப் படிக்கலாம். பக்கத்தில் கையெழுத்து, தேதி, காரணம்:

‘மிக்ஸி ஜாரைத் திறந்து பார்த்தேன்.’