வெள்ளிக்கிழமையை நிறுத்திய பெட்டி

எங்கள் சொந்தத்தில் யார் வீட்டு விசேஷம் என்றாலும், பந்தியில் இலை போட்டுத் தண்ணீர் தெளிக்கும்போது யாராவது என் கதையை எடுத்துவிடுவார்கள். "நம்ம அம்முணி ஒருக்கா வெள்ளிக்கிழமையவே நிறுத்திப்புட்டா, தெரியுமா?" என்று ஆரம்பித்தால், பாயசம் வருவதற்குள் பந்தியே சிரித்து முடித்திருக்கும். மாமா சொன்னால்தான் அதற்கு ருசி. போன மாதம் ஒரு காதுகுத்திலும் அவர்தான் சொன்னார். அக்கா பாதிச் சாப்பாட்டில் எழுந்து கை கழுவப் போனாள். அவர்கள் சொல்லும் கதையில் அக்காவே கிடையாது. அதனால் மீதியை நான் சொல்கிறேன்.

நாமக்கல் பக்கம் எங்களுடையது முட்டைக்கோழிப் பண்ணை. வெளிச்சம் கூடினால் முட்டை கூடும் என்பதால், விடிவதற்கு வெகு முன்பே கொட்டகையில் விளக்கு எரிய வேண்டும். அந்த வேலையைச் செய்தது ஒரு டைமர். சோற்று டப்பா அளவில் ஒரு பெட்டி; நடுவில் கடிகாரம் போல ஒரு வட்டு, வட்டைச் சுற்றி, எந்த நேரத்துக்கு விளக்கு எரிய வேண்டுமோ அதற்குத் தகுந்தபடி தள்ளி வைக்கப் பல் பல்லாகச் சின்னக் குச்சிகள், ஓரத்தில் ஒரு சிவப்புப் பட்டன். பிளக்கில் செருகினால் வேலை செய்யும். பிடுங்கினால் கையோடு வந்துவிடும்.

மாமா என்றால் அம்மாவின் தம்பி. ரிக் லாரியில் ஊர் ஊராகப் போய் போர்க் கிணறு போடுகிறவர். அவர் வந்து இறங்கினால் வீடே கலகலக்கும். எனக்கு எட்டு வயதிருக்கும். பொழுது சாய்ந்து கோழிகள் அடங்கிய நேரத்தில் என்னைக் கொட்டகைக்குக் கூட்டிப் போய், வட்டை ஒரு திருகு திருகினார். கொட்டகை பளிச்சென்றது. அத்தனை கோழியும் எழுந்து, கழுத்தை நீட்டித் தீவனம் தேடின.

"பாத்தியா அம்முணி, விடிஞ்சிருச்சு."

"நெசமாவுங்களா மாமா?"

"கோழியே நம்புது, உனக்கென்ன? காலத்த முன்னால தள்ளலாம், பின்னால இழுக்கலாம். இந்தச் செகப்பு பட்டன் இருக்குது பாரு, அது எடத்த மாத்தறதுக்கு. எங்க லாரியிலயும் ஒண்ணு வெச்சிருக்கறோம். இல்லீன்னா ராய்ப்பூர்ல இருந்து திருச்செங்கோட்டுக்கு எப்படி வந்து சேர்றோம்ங்கற?"

கண் முன்னால் விடிந்ததை எப்படி நம்பாமல் இருப்பது?

அந்த வருஷம்தான் அக்காவுக்கு மெட்ராஸில் கால்நடை மருத்துவம் படிக்க இடம் கிடைத்தது. வெள்ளிக்கிழமைக்குள் போய்ச் சேர வேண்டும். அதே வெள்ளிக்கிழமை காலையில் அவளுக்கும் மாமாவுக்கும் நிச்சயம் என்று பெரியவர்கள் பேசி முடித்தார்கள். அவளை ஒரு வார்த்தை கேட்கவில்லை. "கோழியப் பத்திப் படிக்கறதுக்கு மெட்ராஸ் எதுக்குங்க? ஊட்டச் சுத்தியும் கோழிதான நிக்குது!" என்று அப்பா வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரித்தார். மாமாவும் சேர்ந்து சிரித்தார். வீட்டுக்குச் செல்லப் பிள்ளை அவர். 'அவ படிச்சுட்டு வரட்டும்' என்று அவர் ஒரு வாய் சொல்லியிருந்தால் எல்லாம் நின்றிருக்கும். சொல்லவில்லை. அவருடைய வேடிக்கைக் கதைகளை எல்லாம் இன்றைக்கும் கேட்கிறேன். இதை மட்டும் என்னால் விழுங்க முடியவில்லை.

அக்கா துணிகளை ஒரு பையில் மடித்து வைத்துக் கட்டிலுக்கடியில் தள்ளியிருந்தாள். அதைப் பார்த்துவிட்டுத்தான் அவளிடம் பெட்டியின் ரகசியத்தைச் சொன்னேன்.

"அதுல மெட்ராஸ் வருமா சாமி?" என்றாள்.

"வருங்க்கா. செகப்பு பட்டன்."

என் தலையைத் தடவிவிட்டுப் போய்விட்டாள்.

என் கணக்கு எளிமையானது. ராத்திரி வந்தால்தானே அடுத்த நாள்? ராத்திரியே வராவிட்டால் வெள்ளிக்கிழமை எங்கிருந்து வரும்? வியாழன் மாலை, வீடு முழுக்க ஒறம்பரை, சொந்தக்காரர் கூட்டம். என்னைக் கவனிக்க ஆளில்லை. விளக்கு அணையவே அணையாதபடி குச்சிகளை எல்லாம் ஒரே பக்கம் தள்ளிவிட்டு, நிம்மதியாகப் போய்த் தூங்கினேன்.

வெள்ளிக்கிழமை வந்துவிட்டது. வாசலில் தட்டு வரிசை வைத்துக்கொண்டிருந்தபோது பண்ணையாள் ஓடி வந்தார். "ஏனுங்க, ராவு பூரா லைட்டு எரிஞ்சிருக்குதுங்க. கோழி ஒண்ணையொண்ணு கொத்திக்கிட்டு ரத்தமாக் கெடக்குதுங்க!"

அப்பா அவரைப் பிடித்துத் திட்ட ஆரம்பித்தார். நான் குறுக்கே போய் நின்றேன்.

"அவரு இல்லீங்கப்பா. நாந்தான். வெள்ளிக்கிழம வரக்கூடாதுன்னு நிறுத்தி வெச்சேன்."

மாமாதான் முதலில் வெடித்துச் சிரித்தார். "அட என்ற தங்கமே! நான் சும்மா சொன்னத நம்பிப்புட்டியா?" அவ்வளவுதான், வாசலே குலுங்கியது. பெரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு என் கன்னத்தைக் கிள்ளி, "வந்துருச்சே சாமி, உன்ற வெள்ளிக்கிழம!" என்றார்.

எனக்கு அடி விழவில்லை. அதை அதிர்ஷ்டம் என்று வெகு காலம் நினைத்திருந்தேன். அடித்திருந்தால்கூட 'ஏண்டி செஞ்ச?' என்று கேட்டிருப்பார்கள். அத்தனை பேர் நின்ற வாசலில் ஒருவர்கூட, வெள்ளிக்கிழமை ஏன் வரக்கூடாது என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். நான் சொல்லிவிடுவேன் என்று அவர்களுக்கும் தெரிந்திருக்கும். அதனால்தான் அப்படிச் சிரித்திருக்கிறார்கள்.

தட்டு மாற்றி முடிந்ததும் அக்கா பட்டுச் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கொட்டகைக்கு வந்தாள். அடிபட்ட கோழிகளைப் பிரித்து விட்டாள். காயத்துக்கு மருந்து போட்டாள். குச்சிகளை ஒவ்வொன்றாகப் பழைய இடத்துக்குத் தள்ளினாள். பிறகு பெட்டியைப் பிளக்கிலிருந்து பிடுங்கிக் கையில் எடுத்தாள்.

"செகப்பு பட்டன் இதுதான?"

"ஆமாங்க்கா."

பெட்டியை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்தாள். கண்ணை மூடினாள். அழுத்தினாள். கண்ணைத் திறந்து, கோழிகளையும் கம்பிக் கூண்டையும் என்னையும் பார்த்தாள். மறுபடி கண்ணை மூடி, இந்தத் தடவை வெகு நேரம் அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

எனக்கு விளையாட்டுக் காட்டுகிறாள் என்று நினைத்து, நான் கைதட்டிச் சிரித்தேன்.