ராணி பேசிய வசனம்

என் அத்தை சினிமாவில் ராணியாக நடித்தது வீட்டில் எனக்கு மட்டும்தான் தெரியும். மல்லேஸ்வரத்தில் யாரோ பெரிய வீட்டுப் பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக்கொடுக்கப் போவதாகத்தான் அவர் அப்பாவிடம் சொல்லியிருந்தார். அப்பாவுக்கு ஒரே தங்கை. சினிமா என்ற பேச்சையே ரிச்சர்ட்ஸ் டவுன் வீட்டு வாசலுக்கு வெளியே நிறுத்தியிருந்தவர் அப்பா.

ஒரு சனிக்கிழமை அத்தை என்னையும் கூட்டிப்போனார். அங்கே பியானோ இல்லை. வெட்டவெளியில் துணிப் பந்தல், அதன் கீழே அட்டையில் செய்த சிறைச்சாலை, அதற்குள் ஜரிகைச் சேலையில் அத்தை. ஒருவர் காமிராவின் கைப்பிடியைச் சுற்ற, டைரக்டர் கத்தினார்:

“எது வேணும்னாலும் பேசும்மா, படத்துல சத்தமா கேக்கப்போகுது? மூஞ்சி அழுதா போதும்!”

அத்தை கம்பிகளைப் பிடித்துக்கொண்டார். கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது. “அய்யய்யோ, ஸ்வல்ப சீக்கிரம் விடுங்களேன்! வீட்டுல மீன் குழம்பு ஆறிப்போகுது, அண்ணி திட்டுவாங்க!” என்று கதறினார். பந்தலே சிரித்தது.

திரும்பும் வழியில், “அப்பாகிட்ட சொல்லிடாதடி தங்கம்” என்றார். மாதா மேல் சத்தியம் செய்தேன். நான்கு மாதம் வாயைத் திறக்கவில்லை. எட்டு வயதுக்கு அது சாமானியமல்ல.

பிறகு ஒரு நாள் அப்பா திடீரென்று எல்லோரையும் பயாஸ்கோப்புக்குக் கிளம்பச் சொன்னார். அத்தை தலைவலி என்று சொல்லிப் பார்த்தார். நடக்கவில்லை.

கொட்டகையில் திரையோரம் நின்று ஒருவர் கதை சொல்லிக்கொண்டே வந்தார். சிறைக் காட்சி வந்ததும், “நாதா! உயிர் போனாலும் உம்மை மறவேன்!” என்று ராணிக்காக உருகினார். எனக்குப் பொறுக்கவில்லை. பெஞ்சின் மேல் ஏறி நின்று, “இல்ல! மீன் குழம்பு ஆறிப்போகுதுன்னு அத்தை சொல்றாங்க!” என்று கத்தினேன்.

சிரிப்பில் கொட்டகை அதிர்ந்தது. முன்வரிசைக்காரர் ஒருவர் திரும்பிப் பார்த்து, “அட, ராணியம்மா இங்கதான் இருக்காங்க!” என்று கூவ, கூட்டம் எழுந்து சூழ்ந்துகொண்டது. அத்தை முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு வெளியே ஓடினார். பாதிப் படத்தில் நாங்களும் பின்னாலேயே ஓடினோம்.

ஜட்காவில் ஏறியதும், “இனிமே போகமாட்டேண்ணா” என்று அத்தை விசும்பினார்.

அப்பா தெருவைப் பார்த்தபடியே சொன்னார்: “ஏன் போகாம இருக்கணும்? கடைசியில சிறைக் கதவைத் திறந்ததும் குழந்தையைத் தேடி ஓடி வர்றியே, அங்க நான் அழுதுட்டேன். குழம்பை நாங்களே சூடு பண்ணிக்கறோம், நீ போய் நடி.”

அத்தைக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. பேசும் படங்கள் வரும்வரை இன்னும் ஐந்து படங்களில் நடித்தார். ஒவ்வொரு முறையும் அப்பாவே கூடப் போய், பந்தலில் முதல் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

அன்று ஜட்காவில் அம்மா ஏன் அப்பாவை அப்படி ஏறிட்டுப் பார்த்தார் என்று எனக்கு விளங்கவில்லை. நாங்கள் பார்க்காமல் ஓடிவந்த கடைசிக் காட்சி அப்பாவுக்கு எப்படித் தெரியும் என்று கேட்கவும் தோன்றவில்லை. சத்தியத்தை மீறிய என்னை அத்தை மடியில் இழுத்து உட்காரவைத்துக்கொண்டார். எனக்கு அதுவே போதுமாயிருந்தது.