ராகு காலத்துக்கு ஊதியவர்

என் அப்பா தங்கப்பாண்டியன் ராஜபாளையத்தில் ஒரு நூல் மில்லில் ஃபிட்டர். பஞ்சு அடைத்த பித்தளைக் குழாய் ஒன்றை ஒருநாள் வாயால் ஊதிச் சுத்தம் செய்தார். குழாயிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அந்தப் பகுதியில் இருந்த எல்லோரும் நின்றபடியே கண் மூடினார்கள். அப்பாவுக்கு வேடிக்கையாக இருந்தது. தொடர்ந்து ஊதினார். நிறுத்தியபோது ஷிஃப்ட் முடிந்திருந்தது. தொழிலாளர்களுக்கு அது ஒரு குட்டிக் கனவு கண்ட நேரம்தான். சந்தோஷமாக வீட்டுக்குப் போனார்கள். அறுந்து கிடந்த நூலைப் பார்த்த நிர்வாகம் அப்பாவையும் வீட்டுக்கு அனுப்பியது, குழாயோடு.

நான் இன்ஸ்ட்ருமென்டேஷன் இன்ஜினியர். அந்தக் குழாயை ஸ்டாப்வாட்ச் வைத்துச் சோதித்திருக்கிறேன். சத்தம் கேட்பவர்களுக்கு நேரம் தாவிவிடும். சத்தம் நின்றால் விழிப்பார்கள். கையில் இருந்த காப்பியும் கூடவே தாவியிருக்கும், ஆறாது. ஊதுபவருக்கு மட்டும் எதுவும் தாவாது. ஒவ்வொரு நிமிடத்தையும் உட்கார்ந்து கழிக்க வேண்டும். காரணம் எனக்குத் தெரியாது.

காலத்தையே தாண்டவைக்கும் கருவி. எங்கள் ஊர் அதை ராகு காலத்துக்குப் பயன்படுத்தியது.

தொடங்கிவைத்தவர் தனுஷ்கோடி. ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் கல்யாண மண்டபம் நடத்துபவர். ஒரு வெள்ளிக்கிழமை பத்தே முக்காலுக்கு போன் செய்தார்.

“அண்ணே, மாப்பிள்ளை வீட்டுக்காரவுக வாசல்லயே நிக்காக. ராகு காலமாம், உள்ள வர மாட்டேங்காக. செத்த நேரம் வந்து ஊதிட்டுப் போங்க.”

அப்பா போய் ஊதினார். நாற்பது பேர் வெயிலில் நின்றபடி கனவு கண்டார்கள். பன்னிரண்டுக்கு விழித்து, வலது காலை வைத்து உள்ளே போனார்கள். அதன்பிறகு அப்பாவுக்கு ஓய்வில்லை. பைக் ஷோரூம், பத்திரப்பதிவு, கடை திறப்பு. வார்டு தேர்தலுக்கு மனு கொடுக்க வந்த இரண்டு கட்சிக்காரர்களும் ஒரே பெஞ்சில் தோளோடு தோள் சாய்ந்து தூங்கினார்கள். கனவில் இருவருமே ஜெயித்தார்களாம்.

தினம் ஒன்றரை மணி நேரம் ஆயுளில் குறைகிறதே என்று ஒருவரும் கவலைப்படவில்லை. நல்ல நேரம் மட்டும் மிச்சம் இருந்தால் போதும் அவர்களுக்கு. நானும் யோக்கியம் இல்லை. பரீட்சை ரிசல்ட்டுக்குக் காத்திருக்க முடியாமல் ஊதச் சொல்லியிருக்கிறேன்.

ஒருமுறை கேட்டேன். “தனியா உக்காந்திருக்க போரடிக்கலையாப்பா?”

“தூங்குறப்ப அவிய மொகத்தப் பாக்கணும் பாப்பா. ஒருத்தன்கிட்டயும் வம்பு இருக்காது. முழிச்சாத்தான் ஆரம்பிப்பானுங்க.”

போன புதன்கிழமை. ஆஸ்பத்திரியில் கைவிரித்து அப்பாவை வீட்டுக்கு அனுப்பிய மறுநாள். நான் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். பன்னிரண்டு மணிக்கு ராகு காலம் தொடங்கியது. பாலம்மாள் அத்தை அப்பாவின் அக்கா. பித்தளைக் குழலை எடுத்து அப்பா கையில் கொடுத்தாள்.

“இந்த ஒண்ணரை மணி நேரந்தாம்ல கண்டம். இதத் தாண்டிட்டா பொழச்சுக்கிடுவ. ஊது.”

அப்பா என்னைப் பார்த்தார். நான் தடுக்கவில்லை. ஊதினார்.

என் கனவில் எனக்குப் புரமோஷன் வந்தது.

விழித்தபோது மணி ஒன்று பன்னிரண்டு. கையில் காப்பி சூடாக இருந்தது. அப்பா இல்லை.

“இன்னும் பதினெட்டு நிமிசந்தான இருந்துச்சு!” என்று அத்தை மார்பில் அடித்துக்கொண்டாள்.

எனக்கு வேறு கணக்கு. எழுபத்திரண்டு நிமிடம். பக்கத்திலேயே இருந்தும் நான் இல்லாமல் போன எழுபத்திரண்டு நிமிடம்.

மறுநாள் வியாழன். ஒரு மணிக்கு எடுப்பதாக இருந்தது. சுந்தரபாண்டியத்து உறவினர்கள் வந்து சேர ஒன்றே கால். பந்தலில் சலசலப்பு. ஒன்றரைக்கு ராகு காலம்.

“சாவுக்கு என்னய்யா ராகு காலம்?” என்றார் ஒருவர்.

“செத்தவருக்கு இல்ல. தூக்குற நமக்கு இருக்குல்லா?” என்றார் தனுஷ்கோடி.

அத்தை குழலோடு வந்தாள். “ஏட்டி செல்வி, நீ ஊது.”

“பொம்பளப் பிள்ள ஊதலாமா?” என்று இழுத்தார் தனுஷ்கோடி.

“கண்ண மூடித் தூங்கத்தான போறீரு? எவ ஊதுனா உமக்கென்ன?” என்றாள் அத்தை.

தனுஷ்கோடி கடுங்காப்பி டம்ளரோடு வசதியாகச் சாய்ந்து உட்கார்ந்தார். மூன்று மணி வரை, என்றார்கள். வாங்கிக்கொண்டேன். குழலின் வாயில் அப்பாவின் பல் பட்டுத் தேய்ந்த பள்ளம் இருந்தது. என் பல்லும் அதிலேயே உட்கார்ந்தது.

ஒன்றரைக்கு ஊதினேன். பந்தல் அடங்கியது. அழுகை பாதியில் நின்றது. ஐஸ் பெட்டியின் மோட்டார் சத்தம் மட்டும் மிச்சம். தனுஷ்கோடியின் மூக்கில் ஈ உட்கார்ந்தது, எழுந்தது, மறுபடி உட்கார்ந்தது. யார் முகத்திலும் வம்பு இல்லை. அப்பா சொன்னது சரி.

பிறகு அவர்களைப் பார்க்கவில்லை. அப்பாவைப் பார்த்தேன். இடது காதுக்குக் கீழே ஒரு மச்சம். முப்பத்தொரு வருடத்தில் நான் கவனித்ததில்லை. வாயில் குழல் இருந்ததால் பேச முடியவில்லை. உதடு வெடித்து உப்புக்கரித்தது.

மூன்று மணி ஆனது. நான் நிறுத்தவில்லை.

நிறுத்தியபோது பாதியில் விட்ட அழுகை தொடர்ந்தது. தனுஷ்கோடி கடுங்காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு வாட்சைப் பார்த்தார்.

“நாலு பன்னெண்டா!”

அத்தை என் கையிலிருந்து குழலைப் பிடுங்கினாள். “ஏட்டி, ஒரு மணி நேரத்துக்கு மேல கூடப் போயிருச்சே. என்ன செஞ்ச?”

“எழுபத்திரண்டு நிமிசம் அத்தை. என்னோடதை எடுத்துக்கிட்டேன்.”

“சரி, சரி, தூக்குங்கப்பா” என்றார் தனுஷ்கோடி. “இப்ப நல்ல நேரந்தான்.”