கடலுக்கு எதிரே ஒரு ஹோட்டல்

எங்கள் சித்தப்பா அவுஸ்திரேலியாவில் ஒரு ஹோட்டலில் இருக்கிறார் என்று வீட்டில் சொல்லி வைத்திருந்தார்கள். அதில் பொய் எதுவும் இல்லை. படகில் போய் இறங்கியவர்களை ஒரு கடலோரப் புறநகரின் ஹோட்டலில் அடைத்து, வாசலில் காவல் போட்டிருந்தார்கள் என்பதைத்தான் சொல்லாமல் விட்டுவிட்டார்கள். ஜெர்மனியில், பிராங்பேர்ட்டில் தம்பியோடு ஒரே கட்டிலில் உதைபட்டுக்கொண்டு படுத்த எனக்கு அவர்மேல் நல்ல பொறாமை.

நான்காம் வகுப்பில், சொந்தக்காரர் வாழும் ஓர் ஊரைப் பற்றி எல்லோர் முன்னிலையிலும் பேச வேண்டும், அந்த ஊர்ப் பொருள் ஒன்றையும் காட்ட வேண்டும் என்றார் ஆசிரியை. நான் சித்தப்பாவைப் பிடித்துக்கொண்டேன்.

ஞாயிறு காலைகளில் போன் திரையில் வந்து அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். முதலில் அந்தக் கரையிலிருந்த பூர்வகுடிகளை விரட்டிவிட்டார்களாம். பிறகு பட்டணத்துப் பணக்காரர் குளிக்க வந்தார்களாம். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். அதன்பிறகு கிரேக்கரும் இத்தாலியரும் கப்பலில் வந்து மீன்பொரியல் கடை போட்டார்கள். இப்போது அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்கே அங்கே வீடு வாங்க வழியில்லையாம். இதையெல்லாம் அவரைப் பார்க்க வரும் அவ்வூர் வெள்ளைக்கார அம்மா ஒருவர் சொன்னாராம். சனிக்கிழமைகளில் சனம் எதிர்ப்பக்கம் கூடி நின்று ஹோட்டல் ஜன்னல்களைப் பார்த்துக் கைகாட்டுமாம். எவ்வளவு நல்ல ஊர்! எங்கள் மாடிப்படியில் பக்கத்து வீட்டுக்காரர் வணக்கம் சொல்வதே அபூர்வம்.

காட்டுவதற்கு ஒரு சிப்பி போதும் என்றேன்.

"ஓம் பிள்ளை, அனுப்புறன்," என்றார்.

வாரங்கள் போயின. சிப்பி வரவில்லை. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"றோட்டைக் கடந்தால் கடல் எண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள்? ஒருக்காப் போய் எடுக்க ஏலாதா? சரியான பஞ்சி உங்களுக்கு!"

அப்பா போனைப் பறிக்கப் பார்த்தார்.

"விடுங்கோ அண்ணை, பிள்ளை கேக்கிறது சரிதானே," என்றார் சித்தப்பா. பிறகு என்னைப் பார்த்துச் சிரித்தார். "இந்த றோட்டு கொஞ்சம் அகலம் பிள்ளை. அதுதான் சுணங்குது."

பேச வேண்டிய நாளுக்குச் சற்று முன்பு சிப்பி வந்து சேர்ந்தது. அந்த அம்மாதான் பொறுக்கி அனுப்பியிருக்கிறார். அது அப்போது எனக்குத் தெரியாது. அப்பா அதைக் கைக்குள் பொத்தி வைத்துக்கொண்டு ஜன்னலோரம் நின்றார். நான் அவசரப்படுத்திய பிறகுதான் தந்தார். பாவம் அப்பா.

வகுப்பில் சிப்பியை உயர்த்திக் காட்டினேன். அங்கே ஆட்கள் மிகவும் அன்பானவர்கள், வீதிகள்தான் சரியான அகலம், ஒன்றைக் கடந்து இதை எடுத்துவர என் சித்தப்பாவுக்கு இவ்வளவு நாள் எடுத்தது என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். சித்தப்பாவின் சோம்பலை நினைத்து நானும் விழுந்து விழுந்து சிரித்தேன்.

சித்தப்பா அந்த வீதியைக் கடந்தபோது நான் ஏழாம் வகுப்பில் இருந்தேன்.