சாமுண்டீஸ்வரி எழுதாமல் போன பதில்

கனகம்மாசத்திரத்தில் பேருந்து பழுதாகி நின்றுவிட்டது. நடத்துநர் எல்லோரையும் இறக்கிவிட்டார். சாலையோரக் கடையில் டீ சொல்லிவிட்டு நின்றபோது கைப்பேசி அடித்தது. சாமுண்டீஸ்வரியின் கணவர் ராஜு பேசினார். “சார், சாமுண்டி போய்ட்டா சார். காலைல மூச்சு முட்டுதுன்னா. ஆட்டோ புடிச்சிகினு ஆஸ்பத்திரிக்குப் போறதுக்குள்ள முடிஞ்சிபோச்சி” என்றார். அவருக்கு நான் என்ன சொன்னேன் என்று நினைவில்லை. ஆனால் என் மனத்தில் முதலில் எழுந்த கேள்வி நன்றாக நினைவிருக்கிறது. நான் அனுப்பிய எதிர்வாதத்தைச் சாமுண்டீஸ்வரி படித்தாரா? சாவுச் செய்தி வந்த நிமிடத்தில் கேட்கக்கூடிய கேள்வியா இது என்று சிலர் முகம் சுளிக்கலாம். அவரை அறிந்த நண்பர்கள் நீங்கள் சுளிக்கமாட்டீர்கள். நான் செத்து, அவர் உயிரோடு இருந்திருந்தால், அவரும் அதைத்தான் முதலில் கேட்டிருப்பார்.

அறியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பள்ளிப்பட்டில் நெசவாளர் குடும்பத்தில் பிறந்தவர் சாமுண்டீஸ்வரி. வீட்டில் தெலுங்கு, வெளியில் தமிழ். கல்லூரியில் தத்துவம் கற்பித்துவிட்டு ஓய்வுபெற்றவர். திருத்தணி மலையடிவாரத்தில் வீடு. அறிவு என்றால் என்ன என்று ஒரு நூல், மொழி எப்படிப் பொருள் தருகிறது என்று ஒரு நூல் தமிழில் எழுதினார். மனத்தைப் பற்றிய மூன்றாம் நூல் இப்போது அச்சில் இருக்கிறது. தத்துவம் என்ற சொல்லைப் பார்த்தவுடன் கடைக்காரர்கள் பக்திப் புத்தகம் என்று முடிவுகட்டிவிடுவார்கள். மலைப்படிக்குப் போகும் வழியில் ஒரு கடையில் அவருடைய முதல் நூல் விபூதிப் பொட்டலங்களுக்கு நடுவே இருந்ததை அவரே எனக்குக் காட்டினார். “வித்தா சரி சார், எங்க இருந்தா இன்னா?” என்றார்.

எங்கள் அறிமுகமே சண்டையில்தான் தொடங்கியது. நான் திருவாலங்காட்டுக்காரன், வேறொரு கல்லூரியில் தருக்கம் சொல்லிக்கொடுத்தவன். அவருடைய முதல் நூலைச் சிற்றிதழ் ஒன்றில் கடுமையாக விமர்சித்திருந்தேன். இதழ் வெளிவந்த வாரமே, கரும்பு வண்டிகளுக்குப் பின்னால் ஊர்ந்து வந்த பேருந்தில் எங்கள் ஊருக்கு வந்துவிட்டார். நாற்காலி போட்டேன். உட்காரவில்லை. கூடத்தில் நடந்துகொண்டே, “மறுக்கறது இருக்கட்டும் சார். நான் இன்னா சொல்லியிருக்கேன்னு மொதல்ல நீங்க சொல்லுங்க” என்றார். சொன்னேன். “இது நான் சொன்னதில்ல.” வேறு விதமாகச் சொன்னேன். “இது அத விட மோசம்.” என் மனைவி கொண்டுவந்த காபி ஆறிப்போனது. சாப்பாட்டு நேரமும் தாண்டியது. கடைசியில் ஒருவழியாகச் சொல்லி முடித்தபோது நடையை நிறுத்தி, “ஆங், இதான். இப்ப மறுங்க” என்றார். மறுப்பதற்கு அப்போது என்னிடம் பெரிதாக ஒன்றும் மிச்சமில்லை. பற்றிக்கொண்டு வந்தது எனக்கு. அந்த எரிச்சல்தான் பிறகு நட்பாயிற்று.

பழைய தருக்க நூல்களில் எதிராளியின் கட்சியை, அதாவது அவர் நிலைப்பாட்டை, முதலில் வைத்துவிட்டுத்தான் ஆசிரியர் தன் கட்சியைச் சொல்லவேண்டும். பூர்வபட்சம் என்பார்கள். நல்ல வழக்கம்தான். ஆனால் நடைமுறையில் ஆசிரியரே ஒரு நோஞ்சானை உண்டாக்கி நிறுத்தி, அவரே அடித்து வீழ்த்திவிட்டு மீசையை முறுக்கிக்கொள்வார். சாமுண்டீஸ்வரிக்கு இது பிடிக்கவில்லை. “எதிராளிய நானே எழுதினா எனக்கு வசதியாத்தானே எழுதுவேன்?” என்றார். ஆகவே அடுத்த நூலிலிருந்து ஒவ்வோர் அத்தியாயத்துக்கும் எதிர்வாதத்தை நிஜமான எதிராளி ஒருவர் தன் பெயரிலேயே எழுதவேண்டும் என்று ஏற்பாடு செய்தார். அந்த எதிராளி நான். அவர் கட்சியை நான் முதலில் எடுத்துச் சொல்லி, அவர் “ஆங்” என்ற பிறகுதான் மறுக்கலாம். மறுப்புக்கு அவர் பதில் எழுதுவார். பதில் இல்லையென்றால் என் மறுப்போடு அத்தியாயம் முடியும். ஆசிரியர் தோற்றார் என்று வாசகர் புரிந்துகொள்ளவேண்டும். இரண்டாம் நூலில் ஓர் அத்தியாயம் அப்படித்தான் முடிகிறது. பதிப்பாளர் எவ்வளவோ கெஞ்சினார். “தோத்தத சொல்லலன்னா ஜெயிச்சத எவன் நம்புவான்?” என்று சாமுண்டீஸ்வரி கேட்டார்.

இந்த விவாதங்களை அவர் உட்கார்ந்து செய்தது அபூர்வம். ஓர் ஆடிக் கிருத்திகை நாளில் காவடிக் கூட்டத்துக்கு நடுவே இருவரும் மலையேறிக்கொண்டிருந்தோம். கன்னத்தில் அலகு குத்திய ஒருவர் எங்களுக்கு முன்னால் ஆடிக்கொண்டே போனார். “அவருக்கு வலிக்கிறதா இல்லையா, வெளியே நிற்கிற நமக்கு எப்படித் தெரியும்?” என்று வம்புக்கிழுத்தேன். வேறு யாராவது என்றால் கோட்பாடு பேசியிருப்பார்கள். இவர் விறுவிறுவென்று முன்னே போய் அந்த மனிதரின் மனைவியைக் கேட்டுவிட்டார். “வலிக்காதுங்க, சாமி பாத்துக்கும்” என்றார் மனைவி. “வலிக்கும், எனக்குத் தெரியாதா எங்கண்ணன?” என்றார் கூட வந்த தம்பி. கொழுந்தனுக்கும் அண்ணிக்கும் படியிலேயே வாக்குவாதம் மூண்டது. மேலே அலகைக் கழற்றியதும் இவர் விடாமல் போய் அந்த மனிதரையே கேட்டார். அவர் கொஞ்சம் யோசித்தார். “தெரியலீங்க. முருகா முருகான்னு சொல்லிகினு இருந்தேன், கவனிக்கல” என்றார். நான் வெற்றிச் சிரிப்பு சிரித்தேன். சாமுண்டீஸ்வரி அதைவிடப் பெரிதாகச் சிரித்தார். “ஆளுக்கே தெரியலன்னா தம்பிக்கும் தெரியாதுன்னு ஆயிடுமா சார்? கவனிக்காம இருந்தது அவருதானே, தம்பி கவனிச்சிகினுதானே இருந்தான்?” மூன்றாம் நூல் அந்தப் படியில் தொடங்கியது.

குறைகளும் உண்டு. பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பார். நான் சாப்பிட உட்காரும் நேரம் பார்த்துத்தான் அவர் தொலைபேசி வரும். பள்ளிப்பட்டு போகும் பேருந்தில் ஒருமுறை, ஒரு சொல்லின் பொருள் பேசுபவனுக்குச் சொந்தமா, கேட்பவனுக்குச் சொந்தமா என்று இருவரும் குரல் உயர்த்திச் சண்டையிட்டோம். பின் இருக்கைப் பெரியவர் வெகுநேரம் பொறுத்துப் பார்த்துவிட்டு, “அண்ணன் தங்கச்சிக்குள்ள எதுக்குங்க இவ்ளோ? ஆளுக்குப் பாதியா எடுத்துக்கினு போங்க” என்று பாகப்பிரிவினை செய்துவைத்தார். அந்தத் தீர்ப்பை நூலின் அடிக்குறிப்பில் சேர்க்கவேண்டும் என்று சாமுண்டீஸ்வரி அடம்பிடித்தார். சேர்த்தும் விட்டார்.

மூன்றாம் நூலின் கடைசி அத்தியாயத்துக்கு வருகிறேன். அதை நினைத்தால்தான் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஒருவர் உள்ளத்தில் நடப்பதை இன்னொருவர் அறியமுடியும் என்பது அங்கே அவர் கட்சி. ஊகம் இல்லை, அறிவு. நெடுநாள் கூட இருந்து கவனித்தவருக்கு அது கிடைக்கும் என்றார். அப்போதே அவருக்கு உடம்பு சரியில்லை. மொட்டைமாடியில் நாலு எட்டு நடந்தால் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஆனாலும் நடந்தார். அவர் கட்சியை நான் சொன்னேன். வழக்கம்போல் இரண்டு தடவை தள்ளிவிட்டுப் பிறகு ஒப்புக்கொண்டார். “மறுப்ப பலமா எழுதுங்க சார். நோயாளின்னு பாத்து எழுதாதீங்க, எனக்குத் தெரிஞ்சிடும்” என்றார்.

பலமாகவே எழுதினேன். ஒரே செயல் இரண்டு வேறு வேறு உள்நிலைகளிலிருந்து வரலாம். வெளியே இருப்பவருக்குக் கிடைப்பது செயல் மட்டுமே. எத்தனை காலம் பழகினாலும் அவர் செய்வது ஊகம்தான். பழக்கம் ஊகத்தை வேகப்படுத்துமே தவிர அறிவாக மாற்றாது. எழுதி முடித்தபோது, நான் எழுதியவற்றிலேயே இதுதான் சிறந்தது என்று எனக்கே தோன்றியது. தாளில்தான் அவர் படிப்பார் என்பதால் கூரியரில் அனுப்பினேன்.

துக்கம் விசாரிக்கப் போனபோது ராஜுவிடம் கேட்டேன். விசைத்தறி ஓட்டி ஓட்டிக் காது மந்தமானவர். இரண்டு முறை கேட்கவேண்டியிருந்தது. “படிச்சா சார்” என்றார். “முந்தின நாள் சாயங்காலம் வந்துச்சி. படிச்சி முடிச்சிட்டு எழுந்து நடக்க ஆரம்பிச்சிட்டா. இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும். என்னப் பாத்து ‘பாவா, காபி போடு’ன்னா. பதில் கெடச்சா எப்பவும் அப்டித்தான் நடப்பா. சரி, பதில் கெடச்சிடுச்சின்னு நெனச்சிகினேன்.”

“என்ன பதில்னு சொன்னாங்களா?”

“ஒண்ணும் சொல்லல.”

பக்கத்தில் உறவுக்கார மருத்துவர் ஒருவர் இருந்தார். மூச்சுத் திணறல் கூடும்போது சிலரால் ஓரிடத்தில் உட்காரமுடியாது, எழுந்து நடப்பார்கள் என்று மெல்லச் சொன்னார். ஆறுதலாகத்தான் சொன்னார். ராஜுவின் முகம் மாறிவிட்டது. “இல்லீங்க. மூச்சு முட்டி நடக்கறது வேற, பதில் கெடச்சி நடக்கறது வேற. எனக்குத் தெரியாதா?” என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, “எனக்குத் தெரியாமலா போயிருக்கும் சார்?” என்று கேட்டார்.

என் எதிர்வாதம் அப்படியே எதிரில் வந்து உட்கார்ந்திருந்தது. ஒரு நடை, இரண்டு காரணம். என் கட்சி சரியென்றால், அன்று மாலையே சாமுண்டீஸ்வரி திணறிக்கொண்டிருந்திருக்கலாம். ராஜு பார்த்தும் அறியாமல் காபி போட்டுக்கொண்டிருந்திருக்கலாம். சாமுண்டீஸ்வரியின் கட்சி சரியென்றால், ராஜுவுக்குத் தெரிந்தது தெரிந்ததுதான். அவர் மனைவி பதிலோடு நடந்தார், திணறல் மறுநாள்தான் வந்தது. ஒரு நூலின் அத்தியாயமாக இருந்த விஷயம் ஒரு மனிதர் மிச்ச நாளை எப்படிக் கழிப்பார் என்பதாக மாறிவிட்டது. அன்றிலிருந்து எனக்குத் தூக்கமும் சரியில்லை, சாப்பாடும் சரியில்லை.

இதற்கிடையில் பதிப்பாளர் அவசரப்படுத்தினார். வழி மூன்று இருந்தது, மூன்றுமே கோணல். என் எதிர்வாதத்தைப் பதில் இல்லாமல் அச்சிட்டால், எங்கள் வழக்கப்படி ஆசிரியர் தோற்றார் என்று பொருள். இறந்தவரைத் தோற்கடிக்க எனக்கு மனம் வரவில்லை. எதிர்வாதத்தை எடுத்துவிட்டால், நோயாளி என்று பார்க்காதே என்று சொன்னவருக்கு அவர் கண் மூடியதும் சலுகை காட்டியதாகும். மூன்றாவது, பதிலை நானே எழுதுவது. “உங்களுக்குத் தெரியாததா சார், அவங்க என்ன சொல்வாங்கன்னு? எழுதிக் குடுங்க” என்றார் பதிப்பாளர்.

எழுதிப் பார்த்தேன். நம்மைப் போல் நடந்துகொள்பவருக்கு நம்மைப் போன்ற மனம் இருக்கும் என்று ஒரு பதில். ஒரு பக்கம் கூடத் தாண்டவில்லை. இது அவர் சொல்லக்கூடியதில்லை என்று பளிச்சென்று தெரிந்தது. மொழியின் வழியாக மனம் வெளியே வருகிறது என்று இன்னொரு பதில். இரண்டாம் நூலில் சொன்னதை மூன்றாம் நூலில் திருப்பிச் சொல்பவர் இல்லை அவர், கிழித்தேன். சுற்றி வளைத்து இன்னும் ஒன்று எழுதினேன். கேட்பதற்கு அவர் எழுதியது போலவே இருந்தது. அதனாலேயே அது இல்லை என்று தெரிந்தது. திருவாலங்காட்டு வீட்டுக் கூடத்தில் நானும் இப்போது நடக்கத் தொடங்கியிருந்தேன். மனைவி ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

பதிப்பாளர் மறுபடி அழைத்தார். எழுதியவற்றைப் படித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுவிட்டு, “நல்லாத்தானே சார் இருக்கு?” என்றார்.

“நல்லா இருக்கு. ஆனா இது அவங்க சொல்றதில்ல.”

“அது எப்படி சார் உங்களுக்குத் தெரியும்?”

அவர் சாதாரணமாகத்தான் கேட்டார். ஊகம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை, ஏனென்றால் அது ஊகமாக இருக்கவில்லை. இறந்துபோன ஒருவர் எதை ஏற்கமாட்டார் என்பது என் பெயர் எனக்குத் தெரிவதுபோல் தெரிந்தது. யாருக்கும் இப்படித் தெரியவே முடியாது என்று அத்தனை பலமாக எழுதியவன் நான். எனக்குக் கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. போனை வைத்துவிட்டேன்.

எதிர்வாதத்தை ஓர் எழுத்துகூடக் குறைக்காமல் அப்படியே அச்சிடக் கொடுத்தேன். அதன் கீழே என் பெயரில் அரைப் பக்கம் சேர்த்தேன். ஆசிரியரின் பதில் நம்மிடம் இல்லை. அவர் பெயரில் நான் எழுதிப் பார்த்த பதில்களெல்லாம் அவருடையவை அல்ல என்று எனக்குத் தெரிந்தது. அப்படித் தெரிந்ததாலேயே மேலே உள்ள மறுப்பை அதை எழுதியவன் திரும்பப் பெறுகிறான். இவ்வளவுதான். எங்கள் வழக்கத்தில் எதிராளி தோற்றதை எழுத இடமே வைத்திருக்கவில்லை. இதற்காகப் புதிதாக ஓர் இடம் உண்டாக்கவேண்டியிருந்தது.

அச்சுக்கு அனுப்புமுன் திருத்தணிக்குப் போய் அந்த அரைப் பக்கத்தை ராஜுவிடம் உரக்கப் படித்துக் காட்டினேன். குனிந்தபடி கேட்டார். “எனக்கு இதெல்லாம் புரியாதுங்க. ஒண்ணு மட்டும் சொல்லுங்க. அன்னிக்கு அவ பதில் கெடச்சித்தான் நடந்தா, இல்லீங்களா?” என்றார். ‘இருக்கலாம்’ என்றே சொல்லிப் பழகியவன் நான். மாணவர்களுக்கும் அதையே சொல்லிக்கொடுத்தேன். “ஆமாங்க. உங்களுக்குத் தெரிஞ்சது சரிதான்” என்றேன். அவர் எழுந்து உள்ளே போனார். வெகுநேரம் வெளியே வரவில்லை.

நண்பர்களே, அவருடைய நூல்கள் உங்களிடமும் இருக்கின்றன. அவர் வாதங்களை என்னைவிட நன்றாகச் சொல்லக்கூடியவர்கள் உங்களில் இருக்கிறீர்கள். நான் வைத்துக்கொண்டிருப்பது ஒன்றே ஒன்று. சாமுண்டீஸ்வரியிடம் ஒரு பதில் இருந்தது. அது என்னவென்று எனக்குத் தெரியாது. இருந்தது என்று தெரியும். எப்படித் தெரியும் என்று அவர் இருந்தால் விடாமல் கேட்டிருப்பார். கேட்க அவர் இல்லை. அதனால் நானே என்னைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.